பூவுக்கும் பூவுக்கும் நடுவே ஒரு கோடு!

பெற்ற பிள்ளைக்குப் பெயரிடுவது பெற்றோரின் உரிமை. அதிலே கை வைக்க அரசுக்கும் இடமில்லை, அயலாருக்கும் இடமில்லை, இப்பத்திரிகைக்கும் இடமில்லை. ஆயினும், உரிமை இருக்கிறது என்பதனால் யோசனை வேண்டியதில்லை என்றாகிவிடுமா? காணியை விற்கவும் உரிமை உண்டு. உறுதி எழுதுமுன் நாலு பேரிடம் கேட்கிறோமல்லவா?

அண்மையில் ஓர் இளந்தம்பதியர், கைக்குழந்தையுடனும் குழந்தையின் அம்மம்மாவுடனும் எம்மிடம் வந்தனர். பிள்ளை பிறந்து முப்பத்தைந்து நாள். முப்பத்தோராம் நாள் துடக்குக் கழித்துப் பெயரும் சூட்டியாயிற்று. பிறப்பைப் பதிய வேண்டும். பதிவுப் படிவத்தில் நடுவே கோடு இடலாமா, கூடாதா என்பதே அவர்கள் கொண்டுவந்த சட்டப் பிரச்சினை. பெயர், "லில்லி-ரோஸ்". எண்சோதிடர் ஆங்கிலத்தில் எழுதிக்கொடுத்த துண்டிலே கோடு இருந்தது. சிகிச்சை அட்டையில் இரு சொல்லும் ஒட்டிக் கிடந்தன. தந்தையார் தமிழில் எழுதிவந்த தாளிலோ இடையே வெறும் வெளி. ஒரே பிள்ளை, முப்பத்தைந்து நாளுக்குள் மூன்று பெயர்!

பெயருக்குக் கருத்து என்னவென்று கேட்டோம். "உதுக்கு என்ன கருத்தெண்டு தெரியாது ஐயா. பாரிசிலை இருக்கிற மாமி சொன்னவ. கேக்க வடிவாயிருக்கு" என்றார் தாயார். அவரைக் குறை சொல்லோம். உண்மையைச் சொன்னார். குடாநாட்டில் இன்று பெயரிடுவோரிற் பலர் சொல்லக்கூடிய விடையும் இதுவே.

கருத்தை நாம் சொல்கிறோம், கேளுங்கள். லில்லி என்பது இலத்தீன் மொழியின் லிலியம் என்ற சொல்லிலிருந்து ஆங்கிலத்துக்கு வந்தது. குளிர்நாட்டிலும் மலைச்சாரலிலும் கிழங்கிலிருந்து முளைத்து வெள்ளைப் பூப் பூக்கும் செடி. ஐரோப்பிய ஓவியர்கள் கன்னி மரியாளுக்கு வானதூதன் செய்தி சொல்லும் காட்சியில் அந்தப் பூவை வைப்பார்கள்; அதனால் அது தூய்மைக்கு அடையாளமாயிற்று. ரோஸ், இலத்தீன் ரோசா. இவ்விரு பூக்களும் பக்கத்தில் பக்கத்தில் நிற்கும் பழைய இடம் ஒன்று உண்டு: வேதாகமத்தின் உன்னதப்பாட்டு, இரண்டாம் அதிகாரத்தின் தொடக்கம். வேதாகமம் எமக்கு அந்நிய நூலன்று. பேர்சிவல் பாதிரியாருடன் அமர்ந்து அதனைத் தமிழாக்கும் பணியில் உழைத்தவர் நல்லூர் ஆறுமுக நாவலர். ஆகவே ஒரு கிறிஸ்தவக் குடும்பம், அந்த வேதத்தை அறிந்து, அந்தப் பூக்களைப் பிள்ளைக்குச் சூட்டினால் அதில் எமக்கு ஆட்சேபம் ஒன்றுமில்லை. அறிந்து இட்ட பெயர் அது.

ஆனால் இதிலே ஒரு வேடிக்கை இருக்கிறது. ஆங்கிலேயரின் பழைய பெயர் வரலாற்றைப் புரட்டினால், ரோஸ் என்ற பெண்பெயர் தொடக்கத்தில் பூவே அல்ல! நோர்மானியர் இங்கிலாந்துக்குக் கொண்டுவந்த ரோஹெஸ் என்ற பெயரின் தேய்வு அது. அதன் வேர் பழைய ஜெர்மானிய மொழியில். முதற்பாதிக்குப் பொருள் 'புகழ்', பிற்பாதிக்கு 'தன்மை'. பின்னாளில் ஓசை ஒத்ததால் பூ வந்து அதில் ஏறிக்கொண்டது. லில்லியும் அப்படியே, எலிசபெத் என்ற நீண்ட பெயரை வீட்டிலே செல்லமாய்ச் சுருக்கி லில்லி என்றழைக்கும் வழக்கம் அங்கே இருந்தது. கோட்டின் இரு பக்கமும் பூ என்று நினைத்துக்கொண்டிருக்கிறோம். இரண்டுமே பிறப்பிலே பூவா என்பது சந்தேகம்.

லில்லி என்பது நம் அல்லியின் திரிபே என்று மேடைகளிற் சிலர் முழங்கக் கேட்டிருக்கிறோம். அன்பர்களே, வேண்டாம். சாட்சி இல்லாத வழக்கை நாம் எடுப்பதில்லை. அல்லி குளத்துப் பூ. லில்லி தரைப் பூ. ஓசை ஒற்றுமை உறுதிப் பத்திரம் ஆகாது.

இனி அந்தக் கோட்டுக்கு வருவோம். பிரெஞ்சுக்காரர் இரண்டு பெயரைக் கோட்டால் இணைத்தால் அது அவர்களிடத்தில் ஒரே முதற்பெயர்; பிரித்தழைக்க மாட்டார்கள். மரி-குளேர் என்றால் மரி வேறு, குளேர் வேறு அல்ல. ஆகவே பிரான்சில் அந்தக் கோட்டுக்கு வேலை இருக்கிறது. 1999இல் அங்கே நடிகர் ஜொனி டெப்புக்கும் பாடகி வனெசா பரடிக்கும் பிறந்த மகளுக்கு லில்லி-ரோஸ் என்று பெயரிட்டனர். உலகெங்கும் பத்திரிகைகளில் அப்பெயர் வந்தது. இங்கிலாந்திலே லில்லி-மே, எலா-ரோஸ் என்று கோடிட்ட பூப்பெயர்கள் இந்த நூற்றாண்டின் தொடக்கத்தில் பெருகின. பாரிசும் இலண்டனும் இன்று எமக்கு அயலூர்கள். ஆகவே கோடு கைத்தொலைபேசி வழியே கோப்பாய்க்கும் கரவெட்டிக்கும் வந்து சேர்ந்துவிட்டது. வந்த கோட்டுக்கு இங்கே வேலை என்ன?

தமிழ் இரண்டு சொல்லைச் சேர்க்கக் கோடு கேட்பதில்லை. தாமரையும் செல்வியும் சேர்ந்தால் தாமரைச்செல்வி. நடுவே ஒரு 'ச்' தோன்றி இரண்டையும் தைத்துவிடுகிறது. பூவும் குழலியும் சேர்ந்தால் பூங்குழலி. விவசாயப் பெருமக்களுக்கு விளங்கச் சொல்வதானால், கறுத்தக்கொழும்பான் கிளையை மாங்கன்றில் ஒட்டும்போது சுற்றிக் கட்டுகிறோம். ஒட்டுப் பிடித்ததும் கட்டை அவிழ்த்துவிடுகிறோம். அவிழ்க்காவிட்டால் கன்று பருக்கப் பருக்கக் கட்டு நெரிக்கும். தமிழ்ப் பெயரில் ஒட்டுப் பிடித்துக் கட்டு அவிழ்ந்துவிட்டது. இந்தப் புதுப் பெயரிலோ கட்டு ஆயுள்முழுதும் கிடக்கப்போகிறது.

நெரிக்கும் என்று நாம் சொல்வது அலங்காரமன்று. கடவுச்சீட்டின் அடியிலே இயந்திரம் வாசிக்கும் இரண்டு வரிகள் இருப்பதைப் பார்த்திருப்பீர்கள். அனைத்துலக விதிப்படி அவ்வரிகளில் இடைக்கோட்டுக்கு இடமில்லை. ஒரு நிரப்புக்குறியே அங்கே வரும். இரு பெயர்களுக்கு நடுவிலுள்ள வெளிக்கும் அதே குறிதான். விமான நிலையத்து இயந்திரத்துக்கு லில்லி வேறு, ரோஸ் வேறு. அத்துடன் எம்மவரின் முறை தந்தை பெயரை முன்னே வைப்பது. எது குடும்பப் பெயர், எது சொந்தப் பெயர் என்று கனடாவிலும் சுவிசிலும் எம் பிள்ளைகள் ஏற்கனவே படும் பாடு போதாதா? பாடசாலைப் பதிவில் ஒன்று, அடையாள அட்டையில் ஒன்று, பரீட்சைச் சான்றிதழில் ஒன்று என்று கிடக்கும் பெயர்களை 'இவர் அனைவரும் ஒருவரே' என்று சத்தியக்கடதாசி முடித்து ஒப்பேற்றுவது எமது தொழிலில் அன்றாட வேலை. எமக்கு அதனால் வருமானமே. ஆயினும் சொல்கிறோம்.

நிற்க. இந்த 'லி'யும் 'ரோ'வும் எங்கிருந்து வந்தன? மாமியை மட்டும் குற்றஞ்சாட்டல் தகாது. பஞ்சாங்கமும் உடந்தை. பரணி நட்சத்திரத்தின் முதற் பாதத்துக்கு 'லி', சுவாதியின் மூன்றாம் பாதத்துக்கு 'ரோ' என்று நாமாக்கரப் பட்டியலில் இருக்கிறது. தமிழ் இலக்கணத்தில் லகரமும் ரகரமும் சொல்லுக்கு முதலாகா. பரணியிற் பிறந்த பிள்ளைக்குத் தமிழிலே பெயர் தேடிய தகப்பன் எங்கே போவான்? ஐயரிடம் கேட்டான், 'லி' என்றார். எண்சோதிடரிடம் கேட்டான், ஆங்கில எழுத்தைக் கூட்டிப் பார்த்து இன்னும் மூன்று எழுத்து வேண்டும் என்றார். எழுத்துக்கு ஒன்று முதல் எட்டு வரை எண் வைத்த அந்தச் சாத்திரத்தில் இடைக்கோட்டுக்கு எண்ணே கிடையாது! ஆக, ஐயருக்கும் வேண்டாத, சோதிடருக்கும் வேண்டாத கோடு இது.

1957இலும் 1958இலும் வாகனத் தகட்டிலே சிங்கள ஸ்ரீ என்ற ஓர் எழுத்தைத் திணித்தபோது, தாரும் தூரிகையுமாய்த் தெருவில் இறங்கிய குடாநாடு இது. ஓர் எழுத்துக்காக வழக்குக் கண்டோர் எம்மிடையே இருந்தனர். அவர்களின் பேரப்பிள்ளைகள், எழுத்தாகக்கூட இல்லாத ஒரு குறியை, எவரும் திணிக்காமலே, பிள்ளையின் பெயருக்குள் தாமே வரைந்துகொள்கிறார்கள்.

முன்பும் பெயர் மாறியதுண்டு. அதற்குக் காரணம் இருந்தது. 1816இல் அமெரிக்க மிசனரிமார் யாழ்ப்பாணம் வந்தனர். வட்டுக்கோட்டைச் செமினறியிலும், 1824இல் தொடங்கிய உடுவில் பெண்கள் விடுதிப் பாடசாலையிலும் பிள்ளைகளுக்கு ஊணும் உடையும் கல்வியும் கொடுத்தனர். கடல் கடந்து பணம் அனுப்பிய அமெரிக்க உபகாரியின் பெயரை அப்பிள்ளைக்குச் சூட்டுவது அக்கால வழக்கம். கறல் விசுவநாதபிள்ளை, நெவின்ஸ் சிதம்பரப்பிள்ளை, ஆர்னல்ட் சதாசிவம்பிள்ளை என்ற பெயர்களைப் பாருங்கள். வறிய நாட்டுப் பிள்ளை, படிப்புக்குக் கொடுத்த விலை அந்த முன்பாதி. ஆனால் பின்பாதியை அவர்கள் விட்டுவிடவில்லை. சென்னைப் பல்கலைக்கழகத்தின் முதற் பட்டதாரிகளாக சி. வை. தாமோதரம்பிள்ளையும் கறல் விசுவநாதபிள்ளையும் வெளிவந்தனர். ஆர்னல்ட் சதாசிவம்பிள்ளை தமிழ்ப் புலவர்களின் வரலாற்றைத் திரட்டி 1886இல் பாவலர் சரித்திர தீபகம் வெளியிட்டார். அன்று பெயரை விற்றுக் கல்வி வாங்கினோம். இன்று எதை வாங்குகிறோம்?

அந்நியச் சொல் என்பதனாலேயே எதிர்க்கிறோம் என்று எவரும் எண்ணவேண்டாம். கதிரையும் மேசையும் யன்னலும் அலுமாரியும் போர்த்துக்கேயர் விட்டுப்போனவை. அவற்றை வீதியில் எறியச் சொல்வோமா? எம் அன்னையர் பெயர்களையே எடுத்துக்கொள்வோம். கமலா, பத்மா, சரோஜினி, நளினி, பங்கஜம், அம்புஜம், வனஜா என்று ஒரே ஒழுங்கையில் ஏழு பெண்கள் இருந்தனர். ஏழு பேருக்கும் ஒரே பூ, தாமரை! சரோஜம் குளத்திற் பிறந்தது. அம்புஜம் நீரிற் பிறந்தது. பங்கஜம் சேற்றிற் பிறந்தது. எல்லாம் வடமொழி. நல்ல பெயர்களே. ஆயினும் தாமரை என்று நேரே இடக் கூச்சப்பட்டு, விளங்காத மொழியில் அதையே ஏழு முறை இட்ட பழக்கந்தான் இன்று லில்லி-ரோஸ் வரை வந்து நிற்கிறது.

இன்னொன்றையும் மறைக்காமற் சொல்லவேண்டும். எம்மவர் சிலருக்குக் கசக்கும். இதே மண்ணில் முழுப்பெயர் எல்லோருக்கும் கிடைக்கவில்லை. கந்தசாமி என்று பெற்றோர் இட்டாலும், சாதியைக் காட்டிக் கந்தன் என்றே கூப்பிட்டார்கள். 1957இன் 21ஆம் இலக்கச் சமூகக் குறைபாடுகள் தடுப்புச் சட்டம் கோவிற் கதவைப் பற்றியும் தேநீர்க்கடையைப் பற்றியும் பேசியது. வாயிலே வெட்டுண்ட பெயரை எந்தச் சட்டம் மீட்கும்? மரமேறும் ஒருவரின் மகளைத் தாமரைச்செல்வி என்று முழுதாய் அழைக்க நாக்கு வளையாதவர்கள், இன்று பேர்த்தியை லில்லி-ரோஸ் என்று கோடு கெடாமல் அழைக்கப் பழகுகிறார்கள். நாக்கில் இல்லை ஐயா, குறை வேறிடத்தில்.

தமிழில் பூப்பெயருக்குப் பஞ்சமா? கபிலர் குறிஞ்சிப்பாட்டிலே தொண்ணூற்றொன்பது பூக்களை அடுக்கினார். நிலத்தையே குறிஞ்சி, முல்லை, மருதம், நெய்தல் என்று பூவாலும் மரத்தாலும் பிரித்தவர் நாம். ஒரு பூவின் பருவத்துக்கே அரும்பு, முகை, போது, மலர், அலர், வீ, செம்மல் என்று தனித்தனிச் சொல் வைத்தோம். கார்த்திகையில் வேலியோரம் தீயாய்ப் பூக்கும் காந்தளை வெள்ளைக்காரனே ஒரு வகை லில்லி என்கிறான். கிழங்கு நஞ்சு என்பதையும் சேர்த்தே எம் விவசாயி அறிவான். குமுதினியும் ஆம்பற் குலத்தின் பெயர்தான். நெடுந்தீவு மக்கள் ஏறிய படகின் பெயரும் அது. 1985 மே 15ஆம் நாள் அப்படகிலே பெண்களும் குழந்தைகளும் வெட்டப்பட்டு மாண்டனர். அந்தப் பெயரை இன்று ஒரு பெண்குழந்தைக்கு இடும் தாய்க்கு, கருத்து என்னவென்று எவரும் சொல்லிக்கொடுக்க வேண்டியதில்லை.

எம்மிடம் வந்தவர்களுக்குச் சட்டத்தையே சொன்னோம். கோடு இடத் தடையில்லை. 1951இன் 17ஆம் இலக்கப் பிறப்பு இறப்புப் பதிவுச் சட்டத்தின்படி நாற்பத்திரண்டு நாளுக்குள் பதிய வேண்டும். பின்னர் பெயரைத் திருத்தவும் வழியுண்டு. ஆனால் திருத்தியதைப் பிற்கால ஆவணம் ஒவ்வொன்றும் பின்தொடர வேண்டும், அலைச்சல் பிள்ளைக்கு. அதுவரை பேசாதிருந்த அம்மம்மா, தம் பெயர் சரோஜினி என்றும் அதற்கென்ன கருத்து என்றும் கேட்டார். சொன்னோம். "தாமரையோ? எழுபது வயசுக்கு இப்பதான் கேள்விப்படுறன்" என்று சிரித்தார். தாயார் சிரிக்கவில்லை. தாளை வாங்கிப் பையில் வைத்துக்கொண்டார்.

முப்பத்தொன்றுக்கும் நாற்பத்திரண்டுக்கும் இடையே பதினொரு நாள் இருக்கிறது. அந்த நாட்களுள் நிற்கும் பெற்றோர் எவரும் எம் வாயிலுக்கு வரலாம். பெயருக்குக் கருத்துச் சொல்வதற்கு நாம் கட்டணம் பெறுவதில்லை.