ஸ்டியரிங் ஒன்று, சம்பளம் இரண்டா?

பஸ் மோதி யாராவது செத்துப்போனால் போலீசார் ஓடி வந்து வழக்குப் போடுகிறார்கள். நானும் நோட்டுப் புத்தகத்தோடு ஓடுகிறேன். எத்தனையோ எப்.ஐ.ஆர். பார்த்தாகிவிட்டது. "இவர் தற்காலிக டிரைவர், ஆகவே பாதி தண்டனை" என்று எந்தச் சட்டத்திலும் இல்லை. "இன்று தினக்கூலி கண்டக்டர், கட்டணத்தில் தள்ளுபடி" என்று யாராவது உங்களுக்கு டிக்கெட் கிழித்துக் கொடுத்ததுண்டா?

சம்பளத்தில் மட்டும் வித்தியாசம் வந்துவிடுகிறது! அதே பஸ், அதே ரூட், அதே நெரிசல். நிரந்தரத் தொழிலாளிக்கு மாதச் சம்பளம், லீவு, இன்கிரிமெண்ட். தற்காலிகத் தொழிலாளிக்கு ஓட்டிய நாளுக்குக் கூலி. "வண்டி இல்லை, போ" என்று திருப்பி அனுப்பிவிட்டால் அதுவும் போச்சு.

இது தப்பு என்று கோர்ட்டு சொல்லி ரொம்ப நாளாகிறது. டெல்லி போலீசில் டிரைவராக இருந்த ஒரு கான்ஸ்டபிள், "மற்ற இலாகா டிரைவரைவிட எனக்கு ஏன் குறைந்த சம்பளம்?" என்று சுப்ரீம் கோர்ட்டுக்குப் போனார். 1982-ல் ஜெயித்தார். 2016-ல் பஞ்சாப் அரசு வழக்கிலும், நிரந்தர ஊழியரின் அதே வேலையைச் செய்யும் தற்காலிக ஊழியருக்கு அந்தப் பதவியின் ஆரம்பச் சம்பளமாவது கொடுத்தாக வேண்டும் என்று தீர்ப்பு வந்தது.

வேலை நிரந்தரத்துக்கு? தமிழ்நாட்டில் அதற்கென்றே 1981-ல் சட்டம் வந்தது. 24 மாதத்தில் 480 நாள் வேலை பார்த்தவரை நிரந்தரம் ஆக்க வேண்டும். மோட்டார் போக்குவரத்து நிறுவனங்களும் அதில் அடக்கம். பிறகு எதற்கு வக்கீல், வாய்தா?

இங்கேதான் சங்கதி இருக்கிறது. 480 நாளுக்குச் சாட்சி எது? டிப்போ வருகைப் பதிவேடு. அது யார் கையில்? நிர்வாகத்தின் கையில்! தொழிலாளர் இன்ஸ்பெக்டர் உத்தரவு போட்டால் ஐகோர்ட்டு. அங்கே தோற்றால் பெஞ்சு. அதற்கும் மேல் டெல்லி. நிர்வாகத்தின் வக்கீல் பீஸ் கழகத்துப் பணம். தொழிலாளியின் வக்கீல் பீஸ் பெண்டாட்டி நகை.

2006-ல் உமாதேவி வழக்கில் சுப்ரீம் கோர்ட்டு, முறைப்படி தேர்வாகாமல் வந்தவர்கள் நிரந்தரத்தை உரிமையாகக் கேட்க முடியாது என்றது. அதிலும் நியாயம் இல்லாமல் இல்லை. வேலைவாய்ப்பு அலுவலகத்தில் பதிந்துவிட்டுக் காத்திருப்பவனும் நம் வீட்டுப் பிள்ளைதான். ஆனால் முறை தவறி ஆள் எடுத்தது டிரைவரா, நிர்வாகமா? மராட்டிய அரசு பஸ் கழகத்தில் பஸ்களைத் துடைத்த தொழிலாளிகள் அதே கோர்ட்டில் 2009-ல் வென்றார்கள். காலியிடத்தை வைத்துக்கொண்டே வருஷக்கணக்கில் தற்காலிகமாக ஓட்டினால், அந்த மாநிலச் சட்டப்படி தொழில் கோர்ட்டு நிரந்தரம் ஆக்கலாம். 2006 தீர்ப்பு அதற்குத் தடையில்லை என்றது தீர்ப்பு.

இழுத்தடிப்பதால் என்ன நஷ்டம் என்கிறீர்களா? தேதிதான் நஷ்டம்! 2003 ஏப்ரல் 1 முதல் சேர்ந்தவர்களுக்குப் பழைய பென்ஷன் இல்லை என்று ஆனது. அதற்கு முன்பே தினக்கூலியாக வண்டி ஓட்டியவர், நிரந்தர உத்தரவு தாமதமாக வந்ததால் கோட்டுக்கு அந்தப் பக்கம் விழுந்துவிடுகிறார். அதற்கு இன்னொரு வழக்கு!

இப்போது புதுக் குழப்பம் வேறு. சென்னையில் 2025 ஜூனில் விட்ட மின்சார பஸ்களில் கண்டக்டர் மாநகர் போக்குவரத்துக் கழக ஆள். டிரைவர் காண்டிராக்ட் கம்பெனி ஆள். அவர் தன் 480 நாளை யாரிடம் போய் எண்ணச் சொல்வது?

கழகம் நஷ்டத்தில் ஓடுகிறது என்பார்கள். இருக்கட்டும். வருகைப் பதிவேட்டின் நகலை மாதாமாதம் தொழிலாளி கையில் கொடுக்க என்ன செலவு ஆகிவிடும்? 480-வது நாள் வந்ததும் தானாக உத்தரவு போகட்டும். பாதி வழக்கு அன்றைக்கே தீர்ந்துவிடும்.

ஐகோர்ட்டு வராந்தாவில் நரைத்த தலை டிரைவர் ஒருவரைப் பார்த்தேன். வழக்கு அடுத்த மாதத்துக்குத் தள்ளிப்போயிருந்தது. பேச்சுக் கொடுத்தேன். கடிகாரத்தைப் பார்த்தார். "அப்புறம் பேசலாம் தம்பி. ரெண்டு மணிக்கு டூட்டி. லேட்டாப் போனா இன்னிக்கு வண்டி தர மாட்டாங்க" என்று படியிறங்கி ஓடினார்.