மரபணுவில் மனு இல்லை

முன்பெல்லாம் சாதிக்குப் புராணம் சொன்னார்கள். முகத்தில் பிறந்தவன், காலில் பிறந்தவன் என்றார்கள். அதைச் சின்னப் பிள்ளைகளே நம்ப மறுத்துவிட்டதால் இப்போது விஞ்ஞானத்தைத் துணைக்குக் கூப்பிடுகிறார்கள். "டி.என்.ஏ.லயே வித்தியாசம் இருக்காம்ல, அமெரிக்காக்காரனே சொல்லிட்டான்." சுவாமிமலைக் கடைத்தெருவில் இதை என்னிடம் சொன்னவர் பட்டம் படித்தவர். படிக்காதவர் யாரும் என்னிடம் இப்படிப் பேசியதில்லை. இந்தப் பேச்சுக்கு நம் மாணவத் தோழர்கள் கோபத்தை மட்டும் பதிலாக வைத்திருந்தால் போதாது. அவர்கள் காட்டுகிற ஆய்வுகளையே எடுத்துப் படிப்போம்.

ஒரு மரபணு பல வடிவங்களில் இருக்கும். அந்த வடிவத்துக்குத்தான் அல்லீல் என்று பெயர். ரத்தவகையைத் தீர்மானிக்கிற மரபணு ஒன்றுதான். ஏ, பி, ஓ என்று அதற்கு மூன்று முக்கிய அல்லீல்கள். ஆளுக்கு இரண்டு: ஆத்தாகிட்டேயிருந்து ஒண்ணு, அப்பன்கிட்டேயிருந்து ஒண்ணு. 100 பேர் வாழ்கிற தெருவில் ஆக 200. அதில் பி 60 இருந்தால் அதன் விகிதம் 100க்கு 30. இந்த விகிதம் தலைமுறைக்குத் தலைமுறை ஏன் ஏறுகிறது, ஏன் இறங்குகிறது என்பதுதான் கேள்வி.

முதல் உலகப்போரின்போது கிரேக்கத்தின் சலோனிகாவில் பல நாட்டுச் சிப்பாய்கள் முகாமிட்டிருந்தார்கள். ஹிர்ஷ்ஃபெல்ட் தம்பதியினர் அவர்களின் ரத்தத்தைப் பரிசோதித்து 1919-ல் எழுதினார்கள். பி வகை ரத்தம் இந்தியச் சிப்பாய்களில் 100க்கு 41 பேருக்கு இருந்தது, ஆங்கிலேயரில் 7 பேருக்குத்தான். ஆனால் அந்த 7 பேரிடம் இருந்ததும் இந்த 41 பேரிடம் இருந்ததும் ஒரே பி. வித்தியாசம் எண்ணிக்கையில்தான், சரக்கில் இல்லை. அக்ரகாரத்திலும் ஏ, பி, ஓ மூன்றும் உண்டு. சேரியிலும் மூன்றும் உண்டு. ஆபரேஷன் கட்டிலில் கிடக்கிறவன் ரத்தப் பையில் குரூப் என்ன என்றுதான் பார்க்கிறான், கொடுத்தவன் எந்தத் தெரு என்று கேட்பதில்லை. பிழைத்து எழுந்த பிறகு கேட்பான், அது வேறு.

விகிதம் மாறுவதற்குக் காரணங்கள் உண்டு. புதிதாகப் பிறழ்வு வரலாம், வெளியிலிருந்து ஆள் வந்து கலக்கலாம். ஒரு அல்லீல் உள்ளவர்கள் அதிகம் பிழைத்து அதிகம் பிள்ளை பெறலாம். அது இயற்கைத் தேர்வு. அந்தத் தேர்வும் எல்லாவற்றையும் பார்ப்பதில்லை. இதயத் தசையைப் பலவீனப்படுத்தும் ஒரு மரபணுக் குறை தெற்காசியாவில் 100க்கு 4 பேரிடம் இருப்பதாக 2009-ல் ஐதராபாத் சி.சி.எம்.பி. தங்கராஜ் உள்ளிட்ட ஆய்வாளர்கள் வெளியிட்டார்கள். இவ்வளவு கெட்ட சரக்கு ஏன் ஒழியவில்லை? நெஞ்சுநோய் பெரும்பாலும் நடுவயதுக்கு மேல்தான் வருகிறது. அதற்குள் பிள்ளை பெற்றாகிவிடுகிறது.

இன்னொரு காரணம் வெறும் தற்செயல். அதுதான் நமக்கு முக்கியம். பெரிய கூட்டத்தில் தற்செயல் அமுங்கிப் போகும். சின்னக் கூட்டத்தைப் பூட்டி வைத்தால் ஆட்டம் போடும். ஆரம்பத்தில் இருந்த ஒருசில குடும்பங்களில் ஒருவரிடம் ஒரு குறை ஒளிந்திருந்தால், அவர்களுக்குள்ளேயே கட்டிக் கொடுத்துக் கட்டிக் கொடுத்து, பல தலைமுறை கழித்து அது கூட்டம் முழுக்கப் பரவி நிற்கலாம். ஆரிய வைசியர்களிடம் இது தெரிகிறது. அறுவைக்கு முன் தசையைத் தளர்த்தக் கொடுக்கும் ஒரு மருந்து சிலருக்கு உடம்பில் சீக்கிரம் கரையாது, மணிக்கணக்கில் மூச்சுவிட முடியாமல் போகும். இந்தக் குறை அவர்களிடம் மற்றவர்களைவிடச் சுமார் 100 மடங்கு அதிகம் என்று 2017-ல் வெளியான ஆய்வு சொல்கிறது. அந்த மக்களைக் கேலி செய்ய இதைச் சொல்லவில்லை. மயக்க மருந்து கொடுக்கும் டாக்டர் தெரிந்துகொள்ள வேண்டிய செய்தி அது. 'ரத்த சுத்தம்' என்று பீற்றிக்கொள்கிறவர்களுக்கு ஒரு கேள்வி மட்டும்: பூட்டி வைத்துச் சேர்த்த சொத்து இதுதானா?

சரி, பூட்டு எப்போது விழுந்தது? டேவிட் ரைக், தங்கராஜ், லால்ஜி சிங் குழுவினர் 2009-ல் 25 சமூகங்களை ஆராய்ந்தார்கள். இந்த மண்ணின் பெரும்பாலான சமூகங்கள் இரண்டு பழைய மக்கள் கூட்டங்களின் கலப்பு. வடக்கத்திக் கூட்டத்தின் பங்கு 100க்கு 39 முதல் 71 வரை போகிறது. மேல்சாதிகளில் அது கூடுதல், உண்மைதான். கூடுதல் என்றாலும் கலப்பு கலப்புதானே? 2013-ல் வந்த அடுத்த ஆய்வு, இந்தக் கலப்பு சுமார் 4200 ஆண்டுகளுக்கு முன்பிலிருந்து 1900 ஆண்டுகளுக்கு முன்புவரை நடந்தது, பில் போன்ற பழங்குடிகளும் அதற்கு விலக்கில்லை என்றது. கல்யாணியில் உள்ள தேசிய நிறுவனத்தின் பார்த்தா மஜும்தார் குழு 2016-ல் சொன்னது, மேல்சாதிகளிடம் கலப்பு நின்றுபோய்ச் சுமார் 70 தலைமுறை ஆகிறது என்று. அதாவது, ஆயிரக்கணக்கான ஆண்டுகள் கூடி வாழ்ந்து பிள்ளை பெற்ற சனத்தை, பிற்பாடு வந்து பிரித்துப் பூட்டியிருக்கிறார்கள். சுவாமிமலைப் பட்டறையில் பழைய செம்பையும் பித்தளையையும் குகையில் உருக்குகிறார்கள். உருக்கி ஊற்றிய பிறகு இந்தத் துளி எந்த வீட்டுக் குண்டான் என்று கேட்டால் ஸ்தபதி சிரிப்பார்.

எந்தச் சோதனைச்சாலையும் இல்லாமல் அம்பேத்கர் இதைக் கண்டுபிடித்தார். 1916 மே மாதம், கொலம்பியா பல்கலைக்கழகத்தில், 25 வயதில் படித்த கட்டுரையில், சாதியின் சாரம் அகமணம்தான் என்றார். பூட்டிய கூட்டத்துக்குள் ஆண் பெண் கணக்குச் சரியாக இருக்க வேண்டும். மிஞ்சிய பெண்ணை என்ன செய்வது? சதி, விதவைக்கோலம், பால்ய விவாகம் எல்லாம் அந்தக் கணக்கைச் சரிக்கட்ட வந்தவை என்று காட்டினார். ரிஸ்லி மூக்கை அளந்து சாதியை இனமாக்கினான். 1948-ல் அதே மூக்களவைகளை எடுத்து வைத்து, பிராமணரும் தீண்டப்படாதோரும் ஒரே இனம் என்று திருப்பியடித்தவரும் அம்பேத்கர்தான்.

அந்தப் பூட்டு தானாகத் தொங்கவில்லை, கத்தியை வைத்துக்கொண்டு காவல் காக்கிறார்கள். 2003-ல் புதுக்கூரைப்பேட்டையில் கண்ணகிக்கும் முருகேசனுக்கும் விஷத்தை ஊற்றினார்கள். 2016-ல் உடுமலைப்பேட்டையில் சங்கரை நடுத்தெருவில் வெட்டினார்கள். சாதி மரபணுவிலேயே இருக்கிறது என்றால் அரிவாள் எதற்கய்யா?

நம் பக்கத்தையும் பேசித்தான் ஆக வேண்டும். 'நாமே கலப்பற்ற பூர்வகுடி, டி.என்.ஏ. நிரூபித்துவிட்டது' என்று நம் மேடைகளிலும் கேட்கிறது. அந்த ஆய்வுகளில் கலப்பற்றவர் என்று நாமும் கிடையாது. 1892-ல் ஒதுக்கப்பட்ட பஞ்சமி நிலத்தைத் திருப்பிக் கேட்க ரத்தச் சான்றிதழ் எதற்கு? 'சுத்தம்' என்கிற சொல்லே எதிரியின் சொல். அதை நாம் ஏன் துவைத்துப் போட்டுக்கொள்ள வேண்டும்?

இன்னொன்று. எங்கள் பறையர் தெருப் பையனும் வாய்க்காலுக்கு அந்தப்பக்கம் பள்ளர் தெருப் பெண்ணும் கல்யாணம் செய்துகொள்ளக் கேட்கிறார்கள். இரண்டு பேரும் ஒரே வயலில் நடவுக்கும் அறுப்புக்கும் போன குடும்பங்கள். "அவங்க வழக்கம் வேற, நம்ம வழக்கம் வேற" என்று இரண்டு பக்கத்துப் பெரியவர்களும் ஒரே வார்த்தையைச் சொல்கிறார்கள். இதில் மட்டும் என்ன ஒற்றுமை பாருங்கள். பேச்சுவார்த்தைக்கு நாங்கள் நாலு பேர் போகிறோம். கூட வரச் சொன்னால், மேடையில் சாதி ஒழிப்பு முழங்குகிற தோழர்கள் சிலர் "அது குடும்ப விஷயம்" என்று நழுவுகிறார்கள். எந்தக் குடும்ப விஷயத்தைத் தொடாமல் சாதியை ஒழிக்கப் போகிறார்கள் என்று அவர்கள் அடுத்த இதழில் எழுதட்டும்.