ஆறு வாரமும் நான்கு நாளும்

சென்ற வாரம் ஒரு விவாகத்தில், வருவாய்த் துறையில் உயர்ந்த உத்தியோகம் வகித்து ஓய்வு பெற்ற ஒருவர், கால்வாய்க்கு நிலத்தைப் பறிகொடுத்த ஒரு விவசாயியின் நஷ்டஈட்டு மனு காலங்கடந்தது என்று தள்ளப்பட்ட செய்தியைக் கேட்டு, "உண்மையில் நஷ்டப்பட்டவன் ஆறு வாரத்திற்குள் வந்திருக்கமாட்டானா? பக்கத்து நிலக்காரனுக்குக் கூடுதலாகக் கிடைத்ததும் பேராசை பிடித்து வருகிறான்" என்று சொல்ல, சுற்றியிருந்த படித்தவர்கள் அத்தனை பேரும் அதை ஆமோதித்தார்கள். அன்று எனக்கு உண்டான கோபம் இன்னும் தணியவில்லை.

கலெக்டர் விதித்த நஷ்டஈடு போதாதென்று மனுக் கொடுப்பதற்கான இந்த ஆறு வாரக் கணக்கு, 1894ஆம் ஆண்டு நில ஆர்ஜிதச் சட்டத்தின் பதினெட்டாம் பிரிவில் வெள்ளைக்காரன் எழுதி வைத்தது. அவார்டு, அதாவது நஷ்டஈட்டை நிர்ணயிக்கும் உத்தரவு, சொல்லப்படும்போது கலெக்டர் முன் இருந்தவனுக்கு அன்றிலிருந்து ஆறு வாரம். இல்லாதவனுக்கு நோட்டீஸ் கிடைத்ததிலிருந்து ஆறு வாரம், அல்லது அவார்டிலிருந்து ஆறு மாதம், இவற்றில் எது முந்துகிறதோ அது. இந்த அவகாசத்திற்குள், தன் புஞ்சைக்கு அந்த விலை எந்த ஆதாரத்தில் விதிக்கப்பட்டது என்று அவன் அறிந்து, நகல் வாங்கி, வக்கீலைத் தேடி, மனு எழுதிக் கொடுத்தாக வேண்டும். பணம் வாங்கும்போது 'ஆட்சேபணையுடன் பெற்றுக்கொள்கிறேன்' என்று எழுதத் தெரியாமல் கையெழுத்திட்டுவிட்டால், ஆறு வாரமும் இல்லை, ஆறு நாளும் இல்லை, உரிமையே அற்றுப்போகிறது. அந்த வாசகத்தை எழுதும்படி அவனிடம் சொல்லக் கடமைப்பட்டவர் யார்?

காலக்கெடு சகலருக்கும் சமம் என்று நம்புகிறவர்களுக்கு அனந்தநாக் வழக்கை நினைவூட்டுகிறேன். நிலத்தின் நஷ்டஈட்டைக் கீழ்க் கோர்ட்டு ஏறக்குறைய பதினான்கு லட்சம் ரூபாய் உயர்த்தியதை எதிர்த்துச் சர்க்கார் செய்த அப்பீல் நான்கு நாள் தாமதமாக வந்தது, ஹைகோர்ட்டு தள்ளிற்று, 1987இல் சுப்ரீம் கோர்ட்டு அந்தத் தாமதத்தை மன்னித்தது. ஒவ்வொரு நாள் தாமதத்திற்கும் கணக்குக் கேட்பதைப் பிடிவாதமாகக் கடைப்பிடிக்கலாகாது என்றும், குறிப்பெழுதிக் கோப்பைக் கைமாற்றும் சர்க்கார் இயந்திரத்தின் தாமதத்தைப் புரிந்துகொள்வது கடினமன்று என்றும் அந்தத் தீர்ப்பு சொல்லிற்று. மனிதாபிமானமுள்ள தீர்ப்புதான், ஆனால் அந்த மனிதாபிமானத்தின் நிழலில் முதலில் ஒதுங்கியவர் கலெக்டரே! குமாஸ்தாக்களும் வக்கீல்களும் புடைசூழ இருந்த கலெக்டருக்கு நான்கு நாள் மன்னிக்கப்பட்டதே, கடன் வாங்கி பஸ் ஏறி ஜில்லாத் தலைநகருக்கு வந்த குடியானவனுக்கு என்ன கிடைத்தது? 1996இல் ஷா மணிலால் சந்துலால் வழக்கில், பதினெட்டாம் பிரிவு மனுவைப் பெறும் கலெக்டர் ஒரு நீதிமன்றம் அல்லர், ஆகையால் தாமதத்தை மன்னிக்கும் அதிகாரம் அவருக்குக் கிடையாது என்று அதே சுப்ரீம் கோர்ட்டு தீர்மானித்தது. கலெக்டர் தாமதித்தால் மன்னிக்கக் கோர்ட்டு இருந்தது; குடியானவன் தாமதித்தால் மன்னிக்கக் கலெக்டருக்கு அதிகாரம் இருக்கவில்லை. அனந்தநாக்கின் அந்த நான்கு நாளை ஞாபகத்தில் வைத்துக்கொண்டு, இது சமம்தானா என்று அந்த ஓய்வு பெற்ற கனவான் எனக்குப் பதில் சொல்லட்டும்.

அவார்டு தேதி என்பது அது சம்பந்தப்பட்டவனுக்குத் தெரிய வந்த தேதியே என்ற சாதாரண நியாயத்தைப் பெறுவதற்குக்கூட 1961இல் ராஜா ஹரிஷ் சந்திர ராஜ் சிங் என்பவர் சுப்ரீம் கோர்ட்டு வரை போக வேண்டியிருந்தது. ராஜா என்ற பெயர் தாங்கியவர் டில்லிக்குப் போகலாம். இரண்டு ஏக்கர்க்காரன் எங்கே போவான்? பழைய சட்டத்திற்குப் பதிலாக வந்த 2013ஆம் ஆண்டுச் சட்டம்தான், தகுந்த காரணம் இருந்தால் மேலும் ஓராண்டு வரை மனுவை ஏற்கலாம் என்று கலெக்டருக்கு இடமளித்தது. அந்த ஒரு வரியை எழுத இந்தத் தேசத்திற்கு நூற்றுப் பத்தொன்பது ஆண்டுகள் ஆயின.

பேராசை என்ற வார்த்தையையும் விட்டுவிட எனக்கு மனமில்லை. முத்திரைத் தீர்வைக்கு அஞ்சிக் கிரயப் பத்திரத்தில் விலையைக் குறைத்தெழுதுகிற வழக்கத்தைச் சர்க்கார் எத்தனையோ காலமாகக் கண்டும் காணாமல் இருந்துவிட்டு, நிலத்தை எடுக்கும்போது மட்டும் அந்தப் பத்திரங்களையே வேதப் பிரமாணமாக எடுத்துக் காட்டுகிறது. அதற்கு மேல் உண்மை விலையைக் கேட்பவன் பேராசைக்காரனாம்!

பக்கத்து நிலக்காரனுக்குக் கிடைத்ததைப் பார்த்து வருவது குற்றமாயின், அந்தக் குற்றத்திற்குப் பார்லிமெண்டே வழி செய்திருக்கிறது. ஒருவன் கோர்ட்டுக்குப் போய் அதிக விலை பெற்றால், அதே அறிவிக்கையில் நிலம் இழந்த, கோர்ட்டுக்குப் போகாத மற்றவர்களும் அந்த விலையைக் கேட்கலாம் என்று 1984இல் 28-ஏ பிரிவைச் சேர்த்தார்கள். புதிய சட்டத்திலும் அது தொடர்கிறது. அதற்கும் மூன்றே மாதம்தான் கெடு; அதுவும், தான் கட்சிக்காரனாக இல்லாத வழக்கில் தீர்ப்பான தேதியிலிருந்து. அந்த வழக்கில் எதிர்க்கட்சியாக நின்று தோற்ற கலெக்டருக்குத் தீர்ப்பு தெரியும். அந்த அறிவிக்கையில் நிலம் இழந்த ஒவ்வொருவருடைய பெயரும் சர்வே எண்ணும் அவருடைய கச்சேரியிலேயே இருக்கின்றன. இன்ன தீர்ப்பு வந்திருக்கிறது, இன்ன தேதிக்குள் மனுக் கொடு என்று தமிழில் ஒரு தபால் அனுப்பும் கடமையை அவர்மீது சுமத்திவிட்டு, அது கைக்குக் கிடைத்த நாளிலிருந்து மூன்று மாதத்தைச் சட்டம் எண்ணட்டும்.