எழவு விழுந்தால் வரும் கேமரா

எங்க பக்கத்துக் கிழவிகளிடம் கேமராவைப் பற்றிக் கேட்டுப் பாருங்கள். “படம் புடிக்கிறவுக எழவு விழுந்தாத்தானய்யா வருவாக” என்பார்கள். பொய்யில்லை. 1995 ஆகஸ்ட் 31 அன்று கொடியன்குளத்துக்குள் போலீஸ் புகுந்து அடித்து நொறுக்கியது. அதற்கப்புறம்தான் பத்திரிகைகளுக்கு அந்த ஊர் தெரிந்தது. உடைந்த பண்டபாத்திரமும் ஒப்பாரியும் படமாயின. வெளிநாட்டுச் சம்பாத்தியத்தில் சேரி நிமிர்ந்து நின்றதே, அதுதான் சாதித் திமிருக்குக் கண்ணை உறுத்தியது. நிமிர்ந்து நின்றபோது எடுத்த படம் எத்தனை பேரிடம் இருக்கிறது?

தீப்பெட்டி ஆபீஸ் கதையும் இதேதான். வெடித்துச் செத்தால் செய்தி. கோவில்பட்டி, சாத்தூர் பக்கம் பொம்பளைகள் வருசக்கணக்காய்க் குனிந்து கட்டை அடுக்கினால் அது செய்தியில்லை. 1990-இல் சலம் பென்னூர்கர் எடுத்த ‘குட்டி ஜப்பானின் குழந்தைகள்’ சிவகாசிப் பிள்ளைகளின் வேலை நாளைக் காட்டியது. அப்படி எண்ணிச் சொல்ல எத்தனை படம் தேறும்?

இங்கேதான் மதுரை பழனிக்குமாரைப் பற்றிப் பேச வேண்டியிருக்கிறது. 2017-இல் திவ்யபாரதியின் ‘கக்கூஸ்’ படத்தைத் திரையிட விடாமல் போலீஸ் மறித்தது. படம் யூடியூபில் ஏறியது. தோழர்கள் பார்த்தோம், அன்னைக்குச் சோறு இறங்கலை. மலம் அள்ள ஆள் வைப்பதைத் தடுக்க 1993-இல் ஒரு சட்டம், 2013-இல் இன்னொன்று. அப்புறமும் குழிக்குள் இறங்கியவர்களை அந்தப் படம் காட்டியது. ஆனால் அந்த நாற்றத்துக்குள் கேமராவைப் பிடித்து நின்றது யார் என்று நம்மில் எத்தனை பேர் கேட்டோம்? நின்றவர் பழனிக்குமார். மீன் விற்கும் அம்மாவின் பிள்ளை. 2013-இல் அவர் வாங்கிய முதல் கேமராவே அந்த அம்மா வட்டிக்குப் புரட்டித் தந்த கடனில் வந்ததுதான்.

அவர் சாவு வீட்டோடு நிற்கவில்லை என்பதுதான் எனக்கு முக்கியம். அம்மா மீன் விற்பதை எடுத்தார். ராமேஸ்வரம் பக்கம் கடலுக்குள் முங்கிப் பாசி எடுக்கும் பெண்களை எடுத்தார். பி. சாய்நாத் தொடங்கிய ‘பாரி’ இணையதளத்தில் அவை இருக்கின்றன. 2022-இல் தயாநிதா சிங் – பாரி விருதும் கிடைத்தது. விருது கிடக்கட்டும். தூய்மைப் பணியாளர் வீட்டுப் பிள்ளைகள் கையில் கேமராவைக் கொடுத்துச் சொல்லித் தருகிறாரே, அது விருதைவிடப் பெரிய வேலை.

‘எழவைக் காட்டாமல் அன்றாடத்தைக் காட்டினால் கொடுமை மறைந்துபோகாதா?’ என்று ஒரு மாணவர் கேட்டார். நியாயமான கேள்விதான். பிணத்தைக் காட்டினால் பரிதாபம் வரும், நஷ்டஈடுகூட வரலாம். ஆனால் செத்தவன் முந்தின நாள் எப்படிச் சிரித்தான், பிள்ளைக்கு என்ன வாங்கி வந்தான் என்பது தெரியாதவரை ஊர்க்காரனுக்கு அவன் ஒரு எண்ணிக்கை, அம்புட்டுதான்.

நம் இயக்கங்களையும் சொல்ல வேண்டும். தலைவர் வந்தால் கோவில்பட்டி பஸ் ஸ்டாண்டிலிருந்து பிளெக்ஸ் வைக்கிறோம். அந்தக் காசில் பாதியைப் போட்டு ஒரு பழைய கேமராவை வாங்கி, கட்டை அடுக்கப் போகிற அக்கா வீட்டுப் பிள்ளையிடம் கொடுக்க இன்னும் யாருக்கும் தோணலை. பழனிக்குமாரின் அம்மாவுக்கு மட்டும் எப்படித் தோணுச்சு?