புதுமைப்பித்தனைக் காசநோயிலிருந்து விடுவியுங்கள்

புதுமைப்பித்தன் என்றதும் வகுப்பறையிலும் நினைவுக் கூட்டத்திலும் முதலில் வந்து நிற்பவை வறுமை, காசநோய், 42 வயதில் சாவு. அடுத்த வாக்கியத்தில் ‘நம்பிக்கை வறட்சி’. பட்ட பாட்டையெல்லாம் கதையில் இறக்கிவைத்தார், அதனால்தான் அந்த எழுத்து இவ்வளவு கசக்கிறது என்று முடித்துவிடுகிறார்கள். எழுபது ஆண்டுக்கு மேலாக இதே பல்லவி. கதைகளில் ஒன்றைக்கூடப் படிக்காதவரும் சொல்லிவிடக்கூடிய தீர்ப்பு இது. இதை விமர்சனம் என்று ஏற்றுக்கொள்ள என்னால் முடியாது.

“நம்பிக்கை வறட்சி என்பது அவரே சொன்னதாயிற்றே?” என்று உடனே கேட்பார்கள். சொன்னார்தான். இலக்கியம் ஊருக்கு உபதேசம் செய்ய வேண்டும் என்று எதிர்பார்த்தவர்களோடு வாதாடிய இடத்தில் சொன்னார். அந்த வாதத்தை விட்டுவிட்டு ஒரு சொல்லை மட்டும் பிடுங்கிக்கொண்டோம். தவிர, தன் கதையைப் பற்றி எழுத்தாளன் சொல்வதே இறுதி வார்த்தை என்றால் வாசகனுக்கு அங்கே என்ன வேலை?

ரகுநாதன் எழுதிய ‘புதுமைப்பித்தன் வரலாறு’ 1951-இல் வந்தது. நண்பனைப் பறிகொடுத்த மூன்றே ஆண்டில் எழுந்த நூல்; அது இல்லாவிட்டால் அந்த மனிதரைப் பற்றிப் பல செய்திகள் நமக்குக் கிடைத்தே இருக்காது. குறை அந்த நூலில் இல்லை. அதைக் கதைகளுக்குக் கோனார் உரையாக ஆக்கிக்கொண்ட நம்மிடம்தான் இருக்கிறது.

‘செல்லம்மாள்’ கதையையே எடுத்துக்கொள்வோம். ஜவுளிக்கடைச் சிப்பந்தி பிரமநாயகம் பிள்ளை, நோயாளி மனைவி, பட்டணத்து வாடகை வீடு. வறுமையும் நோயும் இருக்கின்றன. ஆகவே இது ஆசிரியரின் சொந்தக் கதை என்று சொல்லிவிடுகிறார்கள். கதை வெளியானது 1943-இல், ‘கலைமகள்’ இதழில். நோய் அவரை வீழ்த்தியது அதற்கு ஐந்து ஆண்டு கழித்து, ‘ராஜமுக்தி’ படத்துக்காகப் புனே போய் உடல் நொறுங்கித் திரும்பிய பிறகு. 1948 ஜூன் 30-இல் திருவனந்தபுரத்தில் கண்ணை மூடியவர் அவர். மனைவி கமலா அதன் பின்னும் நெடுங்காலம் இருந்தார். கதையில் சாவது மனைவி. வாழ்க்கையை வைத்துக் கதையைத் திறக்கப் பார்ப்பவர்களுக்கு இந்த எளிய கணக்குக்கூட உறைக்கவில்லை.

அந்தக் கதையில் பார்க்க வேண்டியது வேறு. செல்லம்மாள் இறந்துவிட்டாள் என்பதைத் தொடக்கத்திலேயே சொல்லிவிடுகிறார். பிழைப்பாளா மாட்டாளா என்ற பதைப்பை வேண்டுமென்றே வாசகனிடமிருந்து பறித்துவிடுகிறார். பிறகுதான் பின்னோக்கிப் போகிறது கதை. அவள் ஊருக்குப் போக ஆசைப்படுகிறாள், கணவன் கடையிலிருந்து கொண்டுவந்த சேலைகளைப் பார்க்கிறாள், முடியாத உடம்போடு எழுந்து சமைக்கிறாள். ஒவ்வொன்றையும் அவள் முடிவு தெரிந்தே நாம் படிக்கிறோம். அதனால் பிரமநாயகம் பிள்ளை வெந்நீர் வைப்பதும் கஞ்சி ஆற்றுவதும் பரிதாபம் தேடும் காட்சிகளாக இல்லாமல், இரண்டு பேர் பல வருஷம் சேர்ந்து வாழ்ந்ததன் தடயங்களாக ஆகிவிடுகின்றன. மாரடித்து அழும் வாக்கியம் ஒன்றுகூட இல்லை. துயரத்தைக் கொட்டுபவனால் காலத்தை இப்படிக் கலைத்து அடுக்க முடியாது. இது தன் கருவி மேல் முழுப் பிடி உள்ளவன் செய்த வேலை.

ஆ. இரா. வேங்கடாசலபதியின் செம்பதிப்பு 2000-இல் வந்தபின், எந்தக் கதை எந்த ஆண்டு எந்த இதழில் வந்தது என்று தெரியாது எனச் சொல்லித் தப்ப யாருக்கும் வழியில்லை. அதே 1943-இல், அதே ‘கலைமகள்’ இதழில் ‘காஞ்சனை’, ‘சாப விமோசனம்’, ‘கடவுளும் கந்தசாமிப் பிள்ளையும்’ எல்லாம் வந்திருக்கின்றன. ஒன்று பேய்க்கதையின் வடிவத்தை எடுத்துப் புத்திக்கும் பயத்துக்கும் நடுவே வாசகனை நிறுத்துகிறது. இன்னொன்றில் சீதைக்கு நேர்ந்ததைக் கேட்ட அகலிகை மறுபடி கல்லாகிறாள். மற்றதில் கடவுள் சென்னைக்கு வந்து காபி குடிக்கிறார், சித்த வைத்தியப் பத்திரிகைக்கு ஆயுள் சந்தா கட்டுகிறார், கந்தசாமிப் பிள்ளையின் குழந்தையோடு வட்டாடுகிறார். அந்தக் குழந்தை வரும் பக்கங்களில் உள்ள குதூகலத்தைப் படித்துவிட்டு எப்படி ஐயா வறட்சி என்கிறீர்கள்? ஒரே மனிதரின் ஒரே வருஷத்து மனநிலையிலிருந்து இந்த நான்கையும் வரவழைக்க எந்த வாழ்க்கை வரலாற்றாலும் ஆகாது.

நோயாளிக் கலைஞன் என்ற பிம்பம் நமக்கு வசதியாக இருக்கிறது என்பதுதான் என் கோபம். ‘பொன்னகரம்’ 1934-இல் வந்த கதை. அடிபட்டுக் கிடக்கும் கணவனுக்குப் பால்கஞ்சி வாங்க அம்மாளு இருட்டுச் சந்துக்குள் போகிறாள். கதையின் முடிவில் ஆசிரியர் அவளை விட்டுவிட்டுக் கற்பு பேசுகிறவர்களை, அதாவது நம்மை, நேராகப் பார்த்துப் பேசுகிறார். அதை ஒரு கசந்த மனத்தின் புலம்பல் என்று சொல்லிவிட்டால் நாம் பதில் சொல்ல வேண்டியதில்லை. சீதைக்கு நேர்ந்ததைப் பற்றி அகலிகை கேட்கும் கேள்விக்கும் அப்படியே. கேட்டவருக்கு உடம்பு சரியில்லை என்று சொல்லிக் கேள்வியைத் தள்ளிவிடுகிறோம்.

பாடத்திட்டம் வகுப்பவர்கள் ஒன்று செய்யலாம். ஆசிரியர் குறிப்பு என்று கதைக்கு முன்னால் போடும் அந்த அரைப்பக்கத்தைக் கதைக்குப் பின்னால் போடுங்கள். 1943-இன் அந்த நான்கு கதைகளையும் சேர்த்து வையுங்கள். தேர்வில் “ஆசிரியரின் வறுமை இக்கதையில் வெளிப்படுமாற்றை விளக்குக” என்று கேட்காமல், சாவை ஏன் முதலிலேயே சொன்னார் என்று கேளுங்கள். அதற்குப் பதில் எழுத மாணவன் கதையைப் படித்தே ஆக வேண்டும்.