கலாமை எதிர்த்து நின்ற அந்த டாக்டர் யார்? பழவேற்காட்டுக்கு அவர் கதை ஏன் தேவை?

ஸ்ரீஹரிகோட்டாவில் ராக்கெட் கிளம்பும் நாளில் பழவேற்காடு மீனவர்களுக்குக் கடலில் கட்டுப்பாடு. ஏரிக்கும் கடலுக்கும் நடுவில் இருக்கும் அந்தத் தீவில் இருந்துதான் 1980-ல் எஸ்.எல்.வி-3 வெற்றிகரமாகப் பறந்தது. திட்ட இயக்குநர் அப்துல் கலாம், ராமேஸ்வரத்துப் படகுக்காரர் வீட்டுப் பிள்ளை. அவரைத் தெரியாதவங்க யாரு? ஆனால், 2002 ஜனாதிபதி தேர்தலில் அவரை எதிர்த்து நின்றவரைக் கேட்டால் பலரும் கூகுளைத் திறப்பார்கள்.

அவர் கேப்டன் லட்சுமி சாகல். அப்போது வயது 87. இடதுசாரிகளின் வேட்பாளர். தோற்பது உறுதி என்று தெரிந்தே நின்றார். கலாமுக்கு 9,22,884 வாக்கு மதிப்பு, இவருக்கு 1,07,366.

இவரும் நம்ம ஊர்தான். 1914-ல் சென்னையில் பிறந்தவர். சென்னை மருத்துவக் கல்லூரியில் 1938-ல் எம்.பி.பி.எஸ். முடித்து மகப்பேறு மருத்துவம் படித்தார். 1940-ல் சிங்கப்பூர் போய் கிளினிக் திறந்தார். அங்கே வந்தவர்களில் நிறைய பேர் பிழைப்புக்காகக் கப்பலேறிய இந்தியக் கூலித் தொழிலாளர்கள்.

1943-ல் சுபாஷ் சந்திர போஸ் சிங்கப்பூர் வந்தார். பெண்களுக்கென்று ஒரு படைப்பிரிவு வேண்டும் என்றார். ஜான்சி ராணி படைக்கு லட்சுமிதான் தலைமை. அதில் சேர்ந்தவர்களில் கணிசமானோர் மலேயா ரப்பர் தோட்டத்துத் தமிழ்ப் பெண்கள். இந்தியாவையே பார்க்காதவர்கள்கூட அதில் உண்டு! 1945-ல் பர்மாவில் பிரிட்டிஷாரிடம் பிடிபட்டார். 1946-ல்தான் இந்தியா திரும்ப முடிந்தது.

நம்ம பாடப்புத்தகக் கதை பெரும்பாலும் இங்கேயே முடிந்துவிடுகிறது. மிலிட்டரி உடை போட்ட போட்டோ, நேதாஜி, சல்யூட். அவ்வளவுதான். உண்மையில் அதற்குப் பின் வந்த அறுபத்தைந்து வருஷம்தான் கவனிக்க வேண்டியது.

கல்யாணத்துக்குப் பிறகு கான்பூரில் குடியேறி, ஏழைப் பெண்களுக்குப் பிரசவம் பார்த்தார். 1971-ல் வங்கதேச அகதிகளுக்காகக் கொல்கத்தா பக்கம் போய் வேலை செய்தார். அதே ஆண்டு மார்க்சிஸ்ட் கட்சியில் சேர்ந்தார். 1981-ல் ஜனநாயக மாதர் சங்கம் உருவானபோது முன்வரிசையில் இருந்தார். 1984-ல் போபால் விஷவாயு கசிந்தபோது மருத்துவக் குழுவோடு கிளம்பினார். அரசியலுக்கு வந்த பிறகும் ஸ்டெதஸ்கோப்பைக் கழற்றவில்லை. தொண்ணூறு தாண்டியும் நோயாளிகளைப் பார்த்தார்.

இதெல்லாம் பழவேற்காட்டுக்கு எதுக்கு? அங்கே 'பாடு' என்று ஒரு முறை இருக்கிறது. ஏரியில் எந்த இடத்தில், எந்த நாளில், யார் வலை போடுவது என்று முறை வைத்துப் பிரித்துக்கொள்வார்கள். சண்டை வராமல் இருக்க நல்ல ஏற்பாடு. ஆனால், பெயர் இருப்பதென்னவோ ஆண்களுக்குத்தான். சேற்றில் இறங்கிக் கையாலேயே இறால் தடவிப் பிடிக்கிற பெண்களுக்கு அதில் முறை கிடையாது. இடுப்பளவு உப்புத்தண்ணியில் நாள் முழுக்க நிற்கிற உடம்புக்கு என்ன ஆகும் என்று டாக்டர் சொல்லலாம், மருந்தும் கொடுக்கலாம். மறுநாளும் அவள் அதே தண்ணியில்தானே நிற்கணும்?

லட்சுமி சாகல் கிளினிக்கில் இருந்து அரசியலுக்குப் போனதற்கு இதைவிடத் தெளிவான விளக்கம் தேவையில்லை. முகத்துவாரம் தூர்ந்து போவது, காட்டுப்பள்ளி துறைமுக விரிவாக்கம் என்று இன்றைக்கு ஏரியைப் பற்றி எத்தனையோ கூட்டங்கள். மேடையில் மீனவர் சங்கத் தலைவர்கள் இருக்கிறார்கள், அதிகாரிகள் இருக்கிறார்கள். இறால் தடவுகிற பெண் ஒருத்தருக்கும் அங்கே நாற்காலி போட வேண்டும்.