நேர்ந்துவிடப்பட்டவர்கள்

கார்த்திகை கடைசி ஞாயிறன்று விரிஞ்சிபுரத்தில் கூட்டம் அலைமோதும். பிள்ளை வரம் கேட்டு வரும் பெண்கள் முந்தின ராத்திரியே சிம்ம தீர்த்தத்தில் முங்கி, ஈரப் புடவையோடு மார்க்கபந்தீஸ்வரர் கோயில் பிரகாரத்தில் படுத்துவிடுவார்கள். கனவில் பூவோ பழமோ வந்தால் பிள்ளை உண்டு என்பது நம்பிக்கை. பிள்ளைக்கு இப்படித் தவமிருக்கும் விரிஞ்சிபுரம் உள்ள பழைய வடஆற்காடு மாவட்டத்தின் கிழக்கு ஓரத்தில், அரக்கோணம் பக்கத்து அருந்ததியர் குடியிருப்புகளில், சுகமில்லாத பெண் குழந்தையை மாத்தம்மா என்ற அம்மனுக்கு நேர்ந்துவிடும் வழக்கம் இருந்தது. அம்மன் பேரில் தாலி கட்டிவிட்டால் அவளுக்கு வேறு கல்யாணம் கிடையாது. திருவிழாவில் ஆட வேண்டும். ஊர் ஆண்களின் கண்ணுக்கு அவள் பொதுச்சொத்து.

பெண்களைக் கோயிலுக்கு நேர்ந்துவிடும் பொட்டுக்கட்டும் வழக்கத்தை ஒழிக்கும் சட்டம் சென்னை மாகாணத்தில் 1947லேயே வந்துவிட்டது. டாக்டர் முத்துலட்சுமி ரெட்டியின் நெடும் போராட்டம் அதற்குப் பின்னால் இருந்தது. பெரிய கோயில்களுக்குப் போன சட்டம் சேரிக் கோயில்களை எட்டிப் பார்க்கவில்லை. 55 வருஷம் கழித்து, 2002ல், இயக்குநர் லீனா மணிமேகலை கேமராவோடு அரக்கோணம் பக்கத்து அந்தக் குடியிருப்புகளுக்குப் போனார். ‘மாத்தம்மா’ அவருடைய முதல் ஆவணப்படம்.

அதற்கப்புறம் அவர் எடுத்த படங்களைச் சேர்த்துப் பார்த்தால் கேள்வி பெரிதாக மாறவில்லை. ஒரு பெண்ணை மகளாக, மனைவியாக, பக்கத்து வீட்டுக்காரியாக ஏற்க மனமில்லாதபோது அவளைத் தெய்வமாக்கிவிடுகிறோமா? 2007ல் வந்த ‘தேவதைகள்’ இதைத் தலைகீழாகக் கேட்டது. சாவு வீட்டில் ஒப்பாரி பாடும் லட்சுமி, கடலுக்குப் போகும் சேதுராக்கு, கேட்பாரற்ற பிணங்களைப் புதைக்கும் கிருஷ்ணவேணி. மூன்று பேரும் யாரிடமும் இரக்கம் கேட்பதில்லை. தொழில் பேசுகிறார்கள், சிரிக்கிறார்கள், திட்டுகிறார்கள். மும்பை ஆவணப்பட விழாவில் அதற்குத் தங்கச் சங்கு விருது கிடைத்தது. என் கணக்கில் அவருடைய ஆகச் சிறந்த படம் இதுதான்.

தனுஷ்கோடி மீனவர்களையும் ஈழ அகதிகளையும் பற்றிய ‘செங்கடல்’ கொஞ்சம் சிதறிய படம். தணிக்கைக் குழு சான்றிதழ் மறுத்தது; 2011ல் மேல்முறையீட்டில் வெட்டு எதுவும் இல்லாமல் வெளியே வந்தது. 2019ல் ‘மாடத்தி’. தலித் மக்களுக்கே துணி வெளுக்கும் புதிரை வண்ணார் வீட்டுப் பெண் அதில் நாயகி. பகலில் கண்ணில் பட்டால் தீட்டு. இருட்டில் அந்தத் தீட்டு யாருக்கும் ஞாபகம் வருவதில்லை. சீரழிக்கப்பட்டவள் கடைசியில் சாமியாகிறாள். படத்துக்குப் பணம் பொதுமக்களிடம் திரட்டியது. ‘அம்ம அறியான்’ படத்தை எடுக்க மலையாள இயக்குநர் ஜான் ஆபிரகாமும் அவருடைய ஒடேசா திரைப்படக் குழு நண்பர்களும் எண்பதுகளில் கேரளத்தில் ஊர் ஊராக வசூல் செய்த வழிதான் இது. தயாரிப்பாளர் இல்லாவிட்டால் வெட்டச் சொல்லவும் ஆளில்லை. வெளியிடத் தியேட்டர்தான் கிடைக்காது.

2022ல் அவருடைய ‘காளி’ படத்தின் போஸ்டர் வந்ததும் அவர் மேல் பல மாநிலங்களில் வழக்குப் போட்டார்கள். அடுத்த ஜனவரியில் உச்ச நீதிமன்றம் கைதிலிருந்து இடைக்காலப் பாதுகாப்பு தந்தது. போஸ்டரில் அம்மன் கையில் சிகரெட்டைப் பார்த்துக் கொதித்தவர்கள், அம்மன் பேரைச் சொல்லி ஒரு குழந்தையின் கழுத்தில் தாலி ஏறியதற்கும் கொஞ்சம் கொதித்திருக்கலாம்.

அதே பழைய வடஆற்காட்டில், ஆம்பூர் பக்கம் ஷூ கம்பெனிகளுக்கு லீவான ஒரு ஞாயிற்றுக்கிழமை, ‘மாத்தம்மா’வையும் ‘மாடத்தி’யையும் அடுத்தடுத்துப் போட ஒரு மண்டபம் போதும். வேலைக்குப் போகும் பெண்கள் முன்வரிசையில் உட்காரட்டும். சண்டை வருமென்றால், படம் முடிந்த பிறகு வரட்டும்.